விடுப்பில் போன காலம்

2021ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் என் தங்கைக்காக ஒரு மனு எழுதிக் கொடுத்தேன். இரண்டு பக்கம். தமிழில் முனைவர் பட்டம் வாங்கியவள், கவிதை எழுதுகிறவள், கல்லூரியில் பாடம் நடத்துகிறவள் எழுதியது என்பதால் அதில் ஒற்றுப்பிழைகூட இருக்காது. ‘கருணை கூர்ந்து’ என்று மூன்று இடத்தில் எழுதியிருந்தேன். ‘தாழ்மையுடன்’ இரண்டு இடத்தில். ‘உரிமை’ என்ற சொல் ஓரிடத்திலும் இல்லை. அது இல்லை என்பதைப் பார்க்கவே எனக்கு நான்கு வருடம் ஆனது.

தங்கை தேனி மாவட்டத்தில் ஓர் அரசு அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள். குரூப் 4 தேர்வு எழுதி 2017இல் இளநிலை உதவியாளராகச் சேர்ந்தாள். எங்கள் குடும்பத்துக்குள் வந்த முதல் அரசுச் சம்பளம் அவளுடையதுதான். அம்மா போடிநாயக்கனூரிலிருந்து விடியற்காலை ஜீப்பில் மலையேறி ஏலத்தோட்டத்துக்குக் காய் எடுக்கப் போனவர். தோட்டத்தில் வேலை குறையும் மாதங்களில் ஊருக்குள்ளேயே ஏதாவது ஒரு குடோனில் காய் பொறுக்க உட்காருவார். பச்சை, வெளிர், வெடித்தது, சிறுத்தது என்று ரகம் பிரிக்கும் வேலை. வீட்டுக்கு வந்தபிறகும் அவர் விரல்களில் ஏல வாசம் போகாது. தங்கை பணி நியமன ஆணையைக் கொண்டுவந்த அன்று அதைச் சாமி படத்துக்கு முன்னால் வைத்துவிட்டு, “இனி நீ மழையில நனைய வேணாம்” என்று மட்டும் சொன்னார்.

அரசு வேலையில் சேர்ந்த உடனே யாரும் ஊன்றிவிட முடியாது. தகுதிகாண் பருவம் என்று ஒன்று இருக்கிறது. தங்கையின் பதவிக்கு, தொடர்ச்சியான 3 ஆண்டு காலத்துக்குள் 2 ஆண்டு பணியில் இருந்திருக்க வேண்டும். துறைத் தேர்வுகளை முடிக்க வேண்டும். பவானிசாகரில் உள்ள அரசுப் பயிற்சி நிலையத்தில் தங்கி அடிப்படைப் பயிற்சி எடுக்க வேண்டும். இவையெல்லாம் முடிந்து, பருவம் நிறைவு செய்தார் என்று ஆணை வந்தபிறகுதான் உதவியாளர் பதவிக்கான பேனலில் பெயர் ஏறும்.

2018இல் மகள் பிறந்தாள். அப்போது மகப்பேறு விடுப்பு 9 மாதம்; முழுச் சம்பளம். அதற்கு இரண்டு வருடம் முன்புதான் 6 மாதத்திலிருந்து உயர்த்தியிருந்தார்கள். தெருவில் எல்லோரும், “கவர்மெண்டு உத்தியோகம்னா இதுதாண்டி” என்றார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். என் சக ஆசிரியைகள் சிலர் தனியார் கல்லூரிகளில் பிரசவத்துக்கு முதல் வாரம்வரை நின்றுகொண்டு பாடம் நடத்தியதைப் பார்த்தவள் நான்.

அந்த 9 மாதம் தகுதிகாண் பருவக் கணக்கில் வராது என்பது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது. விடுப்பு முடிந்து போனவளுக்குப் பவானிசாகர் பயிற்சிக்கு அழைப்பு வந்தபோது குழந்தைக்கு ஒரு வயதும் ஆகவில்லை. பால் குடிக்கிற பிள்ளையை விட்டுவிட்டு வாரக்கணக்கில் எப்படிப் போவது? அடுத்த அணியில் போகிறேன் என்று எழுதிக் கொடுத்தாள். அடுத்த அணிக்கான முறை வர மாதங்கள் ஆயின. நடுவில் பிள்ளைக்கு நிமோனியா வந்து சம்பளமில்லா விடுப்பு எடுத்தாள். எல்லாம் சேர்ந்து, பருவம் முடிந்த ஆணை அவள் கைக்கு வந்தபோது பேனல் தயாராகிப் போய்விட்டிருந்தது. அவளோடு ஒரே நாளில் சேர்ந்த, தேர்வாணைய வரிசையில் அவளுக்குக் கீழே இருந்த ஒரு பையன் உதவியாளர் ஆனான். அவள் எழுதும் குறிப்பை அவன் பார்த்துத்தான் மேலே அனுப்ப வேண்டும். நல்ல பையன். முதல் நாள் அவள் மேசைக்கு வந்து, “அக்கா, நான் என்னக்கா பண்ணட்டும்?” என்று கேட்டானாம். அவன்மேல் கோபப்பட எதுவும் இல்லை. அவனுக்கும் அதே ஆண்டுகளில் ஒரு பிள்ளை பிறந்தது. அவனுடைய பணிப்பதிவேட்டில் அது குடும்ப உறுப்பினர் விவரத்தில் ஒரு வரியாக ஏறியது. என் தங்கையின் பதிவேட்டில் அது ஓர் இடைவெளியாக ஏறியது.

நான் எழுதிய மனுவுக்கு இரண்டு வரியில் பதில் வந்தது. விதியில் இடமில்லை என்பது அதன் பொருள். கருணை கேட்டிருந்தோம், இல்லை என்றார்கள். அதற்குமேல் கேட்க அந்த மனுவில் ஒன்றும் இல்லை. தங்கை 2023இல்தான் உதவியாளர் ஆனாள்.

தமிழ்நாட்டில் பதவி உயர்வு விதி பற்றிய வழக்குகளுக்குக் குறைவில்லை. 2016ஆம் ஆண்டின் அரசுப் பணியாளர் பணி நிபந்தனைச் சட்டம், இன சுழற்சி வரிசைப்படி பணிமூப்பு நிர்ணயிக்க வழிசெய்தது. 2019 நவம்பரில் சென்னை உயர் நீதிமன்றம், சுழற்சி என்பது ஆளெடுப்பதற்கான முறை, பணிமூப்புக்கான அளவுகோல் அல்ல என்று அந்தச் சட்டத்தின் 40ஆம் பிரிவை அரசமைப்புக்கு முரணானதென்று நீக்கியது. தங்கையின் அலுவலகத்தில் மாதக்கணக்கில் இதே பேச்சு. யார் பெயர் மேலே போகும், யார் பெயர் கீழே இறங்கும் என்று ஆளுக்கொரு பட்டியல் போட்டார்கள். அரசுப் பணியில் ஏணி யாருக்கு என்பது இந்த நாட்டில் சாதியைத் தொடாமல் பேச முடியாத கேள்வி, பேசத்தான் வேண்டும். ஆனால் அத்தனை பட்டியல்களிலும், பிள்ளை பெற்றதால் கீழே இறங்கிய பெயர் ஒன்று இருக்கிறதே என்று ஒருவரும் சொல்லவில்லை. தங்கையும் சொல்லவில்லை. நேரடி நியமனத்தில் பெண்களுக்கு 1989இல் 30 விழுக்காடு வந்தது, பிறகு 40 ஆனது. வாசல் அகலமானது. உள்ளே இருக்கும் படிக்கட்டை யாரும் அளந்து பார்க்கவில்லை.

2025 ஏப்ரல் 28ஆம் தேதி சட்டப்பேரவையில் விதி 110இன் கீழ் முதலமைச்சர் ஓர் அறிவிப்பு செய்தார். அரசுப் பணியில் உள்ள பெண்களின் மகப்பேறு விடுப்புக் காலமும் இனித் தகுதிகாண் பருவத்தில் கணக்கிடப்படும் என்பது அது. விடுப்பு 2021 ஜூலையிலிருந்து ஓராண்டாகியிருந்தது. அந்த ஓராண்டு பருவத்தில் சேராததால் இளம் பெண் ஊழியர்கள் பதவி உயர்வையும் பணிமூப்பையும் இழக்கிறார்கள் என்பதை அரசே சொன்னது. மறுநாள் காலையில் தங்கை தொலைபேசியில் அழைத்தாள். “பேப்பர் பாத்தியாக்கா?” என்றாள். பிறகு கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. அந்த மௌனத்தில் மகிழ்ச்சி இருந்ததா, அழுகை இருந்ததா என்று எனக்குத் தெரியவில்லை.

மே முதல் வாரத்தில் பிள்ளைகளுக்குப் பள்ளி விடுமுறை. அம்மா, தங்கை, அவள் மகள், நான் நால்வரும் போடியிலிருந்து மூணாறு பேருந்தில் ஏறிப் போடிமெட்டு போனோம். அம்மா ஜீப்பில் நின்றுகொண்டு போன பாதையைப் பேத்தி பார்க்க வேண்டும் என்று ஆசைப்பட்டிருந்தாள். முந்தல் தாண்டியதும் கொண்டை ஊசி வளைவுகள் தொடங்குகின்றன. மொத்தம் 17. பேத்தி ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டு வந்தாள். அம்மா எண்ணவில்லை, எந்த வளைவில் எந்த வருடம் எந்த ஜீப் உருண்டது என்று சொல்லிக்கொண்டு வந்தார்.

மேலே போனதும் குளிர் முகத்தில் அடித்தது. இந்தப் பக்கம் தமிழ்ப் பலகை, சில அடி தள்ளி மலையாளப் பலகை. டீக்கடையில் உட்கார்ந்தபோது நான் தங்கையிடம் ஒரு வழக்கைப் பற்றிச் சொன்னேன். அறிவிப்பு வந்த நாளிலிருந்து நான் இதையெல்லாம் தேடிப் படித்துக்கொண்டிருந்தேன். மனு எழுதுவதற்கு முன்னால் படித்திருக்க வேண்டியது.

அந்தப் பலகைக்கு அப்பால் இருக்கும் கேரளத்தில் கீழ்நிலை எழுத்தர் மேல்நிலை எழுத்தராக வேண்டுமானால் துறைத் தேர்வு முடிக்க வேண்டும். பட்டியல் சாதி, பட்டியல் பழங்குடி ஊழியர்கள் தேர்வு முடிக்க மேலும் கால அவகாசம் கொடுக்கும் விதியை 1972இல் அந்த அரசு கொண்டுவந்தது. அந்த ஆண்டு பதிவுத்துறையில் 51 இடங்களில் 34 இடம் அவர்களுக்குக் கிடைத்தது. என்.எம். தாமஸ் என்ற எழுத்தர் வழக்குத் தொடுத்தார். எல்லோருக்கும் ஒரே தேர்வு, ஒரே காலம் என்பதுதானே சமத்துவம் என்பது அவர் வாதம். உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றத்தில் ஏழு நீதிபதிகள் அமர்ந்தார்கள். 1975 செப்டம்பர் 19இல், ஐவர் ஒரு பக்கம் இருவர் ஒரு பக்கம் என்று பிரிந்து, அந்த விதி செல்லும் என்று தீர்ப்பளித்தார்கள். சமமில்லாத இடத்தில் நிற்பவர்களைச் சமமான இடத்துக்குக் கொண்டுவரச் செய்யும் ஏற்பாடு சமத்துவத்துக்கு விதிவிலக்கு அல்ல, சமத்துவத்தின் ஒரு முகமே என்பது அந்தத் தீர்ப்பிலிருந்து நமக்குக் கிடைத்தது.

“அவங்களுக்கு என்ன குடுத்தாங்க, பதவியா?” என்று தங்கை கேட்டாள்.

“தேர்வு எழுதி முடிக்கக் காலம் குடுத்தாங்க.”

அவள் தம்ளரைக் கீழே வைத்தாள். “எனக்கு எடுத்துக்கிட்டாங்க” என்றாள்.

அந்த ஐவரில் ஒருவரான வி.ஆர். கிருஷ்ண ஐயர் நான்கு வருடம் கழித்து இன்னொரு பதவி உயர்வு வழக்கைக் கேட்டார். வழக்கைத் தொடுத்தவர் சி.பி. முத்தம்மா. குடகில் பிறந்து சென்னை மகளிர் கிறித்துவக் கல்லூரியிலும் மாநிலக் கல்லூரியிலும் படித்தவர். 1949இல் இந்திய வெளியுறவுப் பணியில் சேர்ந்த முதல் பெண். திருமணம் செய்தால் விலகிவிடுவேன் என்று எழுதி வாங்கிக்கொண்டுதான் அவரைச் சேர்த்தார்கள். அவர் திருமணமே செய்துகொள்ளவில்லை. 1961இல் போட்ட விதி ஒன்று, பெண் அதிகாரி திருமணத்துக்கு அரசின் எழுத்துப்பூர்வ அனுமதி வாங்க வேண்டும், குடும்பப் பொறுப்பு வேலைக்கு இடைஞ்சல் என்று அரசு நினைத்தால் அவரை விலகச் சொல்லலாம் என்றது. இன்னொரு விதி, திருமணமான பெண் இந்தப் பணியை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. ஹங்கேரிக்குத் தூதராக இருந்த அவருக்கு முதல் நிலைக்கான பதவி உயர்வு மறுக்கப்பட்டது. உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்.

வழக்கு நிலுவையில் இருக்கும்போதே அரசு அவசரமாகப் பதவி உயர்வு கொடுத்துவிட்டது. 1979 செப்டம்பர் 17இல் தீர்ப்பு வந்தபோது, கேட்டது கிடைத்துவிட்டதால் மனு தள்ளுபடி. ஆனால் தள்ளுபடி செய்கிற தீர்ப்பே அந்த விதிகளைக் கிழித்துப் போட்டது. குடும்பப் பொறுப்பு பெண்ணின் வேலைக்கு இடைஞ்சல் என்றால் ஆணின் வேலைக்கும் இடைஞ்சல்தானே என்று கேட்டது. சில வேலைகளின் தன்மை வேறுபாட்டைக் கேட்கலாம் என்பதையும் அது மறுக்கவில்லை. அப்படியானால் அதை நிரூபிக்க வேண்டியது வேறுபாடு காட்டுகிறவர்களின் பொறுப்பு. இந்தத் தீர்ப்பில் எனக்கு முக்கியமாகப்பட்டது, பெரிதாகப் பேசப்படாத இன்னோர் இடம். இடைப்பட்ட சில மாதங்களில் முத்தம்மாவுக்கு இளையவர்கள் முந்திப் போயிருந்தார்கள். அவருடைய பணிமூப்பை மறுபடி பரிசீலியுங்கள் என்று நீதிமன்றம் சொன்னது. சில மாதம்தானே என்று விடவில்லை. முப்பது வருடம் பணியில் இருந்த பெண் அந்தச் சில மாதத்தையும் கேட்டார்.

முத்தம்மாவின் காலத்து விதிகளில் ‘பெண்’ என்ற சொல் வெளிப்படையாக இருந்தது. கண்ணுக்குத் தெரிந்த எதிரி. என் தங்கையை நிறுத்திய விதியில் அப்படி ஒன்றும் இல்லை. பணியில் இருந்த நாளே பருவத்தில் சேரும் என்றுதான் அது சொன்னது. ஆணுக்கும் அதேதான். இந்த மாதிரி விதிக்கு எதிராக எப்படிப் பேசுவது என்று தெரியாமல்தான் நான் கருணையைக் கேட்டேன்.

எப்படிப் பேசுவது என்பதைப் படைப் பணியில் இருந்த பெண்கள் காட்டியிருக்கிறார்கள். குறுகிய காலப் பணியில் இருந்த பெண் அதிகாரிகளுக்கும் நிரந்தரப் பணி வழங்க வேண்டும் என்று 2020 பிப்ரவரியில் பபிதா பூனியா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. ராணுவம் தேர்வு நடத்தியது, பலரைக் கழித்தது. நாற்பதைத் தாண்டிய பெண்களுக்கு, ஆண் அதிகாரிகள் இளம் வயதில் கடந்துபோன அதே உடல்தகுதி அளவுகோலை வைத்தது. பெண்களுக்கு நிரந்தரப் பணியே இல்லாத காலத்தில், அக்கறையில்லாமல் எழுதப்பட்ட ஆண்டு மதிப்பீடுகளை எடுத்து அவர்களைத் தரம் பிரித்தது. எல்லாமே ஆணுக்கும் பெண்ணுக்கும் பொதுவான அளவுகோல்தான். லெப்டினன்ட் கர்னல் நிதிஷாவும் மற்றவர்களும் மறுபடி நீதிமன்றம் போனார்கள். 2021 மார்ச் 25இல் வந்த தீர்ப்பு இதை மறைமுகப் பாகுபாடு என்று பெயர் சொல்லி அழைத்தது. விதியின் சொற்கள் பொதுவாக இருக்கலாம், போட்டவர்களுக்குக் கெட்ட எண்ணமே இல்லாமலும் இருக்கலாம்; அதன் விளைவு யார்மேல் விழுகிறது என்று பார்க்க வேண்டும் என்றது.

அந்தத் தேதியைப் படித்தபோது எனக்கு வயிற்றில் என்னவோ செய்தது. நான் மூன்று முறை ‘கருணை கூர்ந்து’ எழுதிய அதே மார்ச் மாதம்.

என் தங்கையின் வழக்கைச் சொல்லத் தேவையான சொற்கள் எல்லாம் அப்போதே இருந்தன. அரசமைப்புச் சட்டத்தின் 14ஆம் பிரிவு, 16ஆம் பிரிவு, பெண்களுக்குத் தனி ஏற்பாடு செய்ய அனுமதிக்கும் 15(3). எனக்குத்தான் அவை என் சொற்களாகப் படவில்லை. மேடையில் பெண் விடுதலை பேசியிருக்கிறேன். உடல் பற்றிக் கவிதை எழுதியிருக்கிறேன். ஓர் அலுவலகத்துக்கு எழுத உட்கார்ந்ததும் கங்காணி முன்னால் நின்ற எங்கள் பாட்டியின் குரல் என் பேனாவுக்குள் வந்துவிட்டது. மகப்பேறு விடுப்பை நாம் இன்னும் அரசு போட்ட பிச்சையாகவே மனதுக்குள் வைத்திருக்கிறோம். சம்பளத்தோடு வீட்டில் இருந்தாயே, இன்னும் என்ன கேட்கிறாய் என்று யாரும் கேட்பதற்கு முன்னால் நாமே நம்மைக் கேட்டுக்கொள்கிறோம். ‘விடுப்பு’ என்ற சொல்லே அப்படி எண்ண வைக்கிறது. என் தங்கை அந்த 9 மாதத்தில் எதிலிருந்து விடுபட்டிருந்தாள்? இரவில் நான்கு முறை எழுந்தாள். மாரில் பால் கட்டிக் காய்ச்சலில் கிடந்தாள். துறைத் தேர்வுப் புத்தகத்தைத் தொட்டில் கயிற்றில் ஒரு கை வைத்துக்கொண்டே படித்தாள்.

அம்மாவிடம் இதையெல்லாம் நான் விளக்கவில்லை. அவர் டீக்கடை வாசலில் நின்று கீழே தெரியும் போடி ஊரைப் பேத்திக்குக் காட்டிக்கொண்டிருந்தார். ஆனால் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார். திரும்பி வந்து உட்கார்ந்து சொன்னார்:

“எங்களுக்கெல்லாம் பிள்ள பெத்து மூணு மாசம் போகலைன்னா மூணு மாசக் கூலி இல்ல. அம்புட்டுதான். திரும்பப் போனா அதே காய், அதே கூடை. மேல ஏர்றதுன்னு ஒண்ணு எங்களுக்குக் கெடயாது. பொம்பள கங்காணிய நான் பாத்ததே இல்ல. இவளுக்குக் கூலியக் குடுத்துட்டு காலத்தப் புடுங்கிக்கிட்டாய்ங்க. கூலி போனா மறுநாள் சம்பாதிச்சுக்கலாம். காலத்த எங்க போய்ச் சம்பாதிக்க?”

தங்கை எதுவும் சொல்லவில்லை. மகளின் தலையில் ஈரம் பட்டிருந்ததைத் துண்டால் துடைத்துவிட்டாள்.

அந்த மாதமே 23ஆம் தேதி உச்ச நீதிமன்றத்திலிருந்து இன்னொரு தீர்ப்பு வந்தது. தமிழ்நாட்டு அரசுப் பள்ளி ஆசிரியை ஒருவருக்கு முதல் திருமணத்தில் இரண்டு பிள்ளைகள். அவர்கள் தந்தையிடம் வளர்கிறார்கள். மறுமணத்தில் பிறந்த பிள்ளைக்கு விடுப்புக் கேட்டபோது, இரண்டு பிள்ளைக்குமேல் விதியில் இடமில்லை என்று மறுத்திருந்தார்கள். மகப்பேறு விடுப்பு பெண்ணின் இனப்பெருக்க உரிமையின் பகுதி, அது 21ஆம் பிரிவு காக்கும் வாழ்வுரிமையோடு சேர்ந்தது என்று சொல்லி, விடுப்பு வழங்க உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. தங்கைக்கு வந்த பதிலிலும் இருந்தது அந்த ‘விதியில் இடமில்லை’தான். அந்த ஆசிரியை அதைப் பதிலாக ஏற்றுக்கொள்ளவில்லை. நாங்கள் ஏற்றுக்கொண்டோம்.

ஏப்ரல் அறிவிப்பு நல்ல அறிவிப்பு. இனி வருகிற பெண்கள் என் தங்கை மாதிரி நிற்க வேண்டியிருக்காது என்று நம்புகிறேன். அதை வாங்கித் தந்தது யாருடைய கருணையும் அல்ல என்பதையும் அவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். என் மாணவிகளில் பாதிப் பேர் இப்போது குரூப் 4, குரூப் 2 என்று படிக்கிறார்கள். இலக்கணப் பகுதிக்கு என்னிடம் சந்தேகம் கேட்டு வருகிறார்கள். ஒற்றுப்பிழை திருத்திக் கொடுத்துவிட்டு இப்போது கூடவே ஒன்று சொல்கிறேன்: வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்தில் உங்கள் பணி விதிகளைக் கேட்டு வாங்கிப் படியுங்கள். எது பணிக்காலம், எது இல்லை என்று பாருங்கள். மனு எழுத வேண்டி வந்தால் என்ன தேதி, எந்த விதி, யார் முந்திப் போனார், அதனால் உங்களுக்கு என்ன இழப்பு என்று எழுதுங்கள். கெஞ்சாதீர்கள்.

போடிமெட்டிலிருந்து இறங்கும்போது பேருந்தில் கூட்டம். மலையிலிருந்து வேலை முடிந்து திரும்பும் பெண்கள் படி வரை நின்றார்கள். பேத்தி அம்மாவின் மடியில் தூங்கிப் போனாள். தங்கை என் பக்கம் சாய்ந்து, “அந்த மனு நகல் இன்னும் வச்சிருக்கியாக்கா?” என்று கேட்டாள்.

“இருக்கு. ஏன்?”

“குடு. தேதியெல்லாம் அதுல சரியா இருக்கும். திரும்ப எழுதணும். பணிமூப்பச் சரிபண்ணித் தரச் சொல்லிக் கேக்கப் போறேன்.”

“நான் எழுதித் தரட்டுமா?”

“வேணாம்க்கா. நானே எழுதுறேன்” என்றாள்.

மறுநாள் அவளிடம் கொடுத்தேன். மறுபடி படித்துப் பார்க்காமல் கொடுத்தேன்.